விழவிட வேண்டிய பந்து

இந்த வசந்தகாலத்தில் எங்கள் பேஸ்போல் கழகத்தின் வெளிக்கள ஆட்டக்காரர்களுக்கு ஆளுக்கொரு அட்டை கொடுத்தார்கள். எதிரணியில் யார் மட்டையோடு வந்தால் எங்கே நிற்க வேண்டும், எத்தனை அடி இடப்பக்கம், எத்தனை அடி பின்னால் என்று கணினி கணக்குப் போட்டு அச்சடித்த அட்டை. பிள்ளைகள் அதைக் காற்சட்டையின் பின்பையில் வைத்திருக்கிறார்கள். ஒவ்வொருவர் மட்டையோடு வரும்போதும் எடுத்துப் பார்த்துவிட்டு, சோதனை மண்டபத்தில் பக்கத்து மேசையை எட்டிப் பார்த்தவர்கள் மாதிரி மெல்ல இரண்டடி தள்ளி நிற்கிறார்கள். நான் புல்வெட்டும் இயந்திரத்தை ஓரமாக நிறுத்திவிட்டுச் சிரித்தேன். அதைக் கண்ட ஒரு பிள்ளை, "உங்கள் காலத்தில் அட்டை இல்லாமல் எப்படித் தெரிந்தது?" என்று கேட்டாள். எங்கள் காலத்தில் ஹேர் டீற்ஸ் இருந்தார் என்றேன். அவளுக்கு அது விளங்கவில்லை. ஒரு மாதம் கழித்து எனக்கு ஓய்வூதியம் வந்தது. எங்கள் தமிழர் மன்றம் ஆண்டு மலருக்கு ஏதாவது எழுதச் சொன்னது. அந்தப் பிள்ளைக்குச் சொல்லாமல் விட்டதை இங்கே சொல்லிவிடுகிறேன்.

என்னைத் தெரியாதவர்களுக்கு: பெயர் செல்வரத்தினம். ஜேர்மனியில் கெல்சென்கிர்ச்சனிலிருந்து சற்றுத் தள்ளியுள்ள ஒரு சின்ன ஊரில் இருபது வருடம் பேஸ்போல் விளையாடினேன். இடது வெளிக்களம். விளையாடிய காலத்திலும் அதற்குப் பிறகும் அதே மைதானத்துக்கு நான்தான் பிளாட்ஸ்வார்ட், அதாவது மைதானப் பராமரிப்பாளன். சம்பளம் புல்லுக்கு, ஆட்டம் இனாம் என்று சொந்தக்காரர்கள் கேலி செய்வார்கள். ஒப்பந்தத்தில் இரண்டும் எழுதியிருந்தது என்பதை இந்த இடத்தில் பதிந்து வைக்கிறேன்.

நான் இந்த விளையாட்டுக்குப் போனதே ஒரு தவறான தகவலால்தான். அகதி விடுதியில் நாங்கள் நாலு யாழ்ப்பாணத்துப் பெடியள் வேலை செய்ய அனுமதியில்லாமல் சுவரைப் பார்த்துக்கொண்டு இருந்தோம். விடுதிக்குப் பொறுப்பான அம்மா எங்கள் மேல் இரக்கப்பட்டு, "பக்கத்துத் தெருவில் ஒரு கழகம் இருக்கிறது. மட்டை, பந்து எல்லாம் இருக்கிறது. அது உங்கள் நாட்டு விளையாட்டுத்தானே?" என்றார். நாலு பேரும் கிரிக்கெட் என்று நம்பிக் குளித்து வெளிக்கிட்டுப் போனோம். மட்டை உருண்டையாக இருந்ததைக் கண்டு மூன்று பேர் அடுத்த நாள் வரவில்லை. நான் போனேன். மற்ற மூவரையும்விட எனக்குத்தான் சுவர் அதிகம் அலுத்திருந்தது.

முதல் வருடத்தைச் சுருக்கமாகச் சொல்லலாம், ஏனென்றால் அதில் பெருமைப்பட அதிகம் இல்லை. பந்தை அடித்துவிட்டு மட்டையையும் தூக்கிக்கொண்டு ஓடினேன். கிரிக்கெட்டில் மட்டையை விட்டுவிட்டா ஓடுவோம்? உயரப் பந்து வந்தால் கையுறையை உதறி எறிந்துவிட்டு வெறுங்கையால் பிடித்தேன். பிடித்ததற்குக் கைதட்டுவார்கள் என்று பார்த்தால் எல்லாரும் தலையில் கைவைத்தார்கள். ஆனால் என் எறி அவர்களுக்குப் பிடித்தது. எல்லைக் கோட்டிலிருந்து விக்கெட் காப்பாளரின் கைக்கு ஒரே நேராக எறிந்து பழகிய தோள் அது. கொஞ்சம் தற்பெருமைதான், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஹேர் டீற்ஸ், அதாவது திரு. டீற்ஸ், எங்கள் பயிற்சியாளர். தொழில் ட்ராம் ஓட்டுவது. சின்ன வயதில் தென் ஜேர்மனியில் அமெரிக்கச் சிப்பாய்களோடு விளையாடிப் பழகியவர். பயிற்சிக்கு ஒரு மடக்குக் கதிரையும் ஒரு தேநீர்ப் போத்தலும் கொண்டுவருவார். மூன்றாவது தளத்துக்குப் பக்கத்தில் கதிரையை விரித்து உட்கார்ந்தால் முடியும்வரை எழும்ப மாட்டார். சத்தம் போடமாட்டார், கைதட்டவும் மாட்டார். யாராவது அற்புதமாக ஒரு பந்தைப் பிடித்தால் "அடுத்தது" என்பார். யாராவது கேவலமாக விட்டாலும் அதே குரலில் "அடுத்தது" என்பார்.

அவருடைய முறை இதுதான். பந்தை அடிப்பதற்கு முன் நிலைமையை அறிவிப்பார், ட்ராமில் தரிப்பிடங்களை அறிவிக்கிற அதே குரலில். "ஒருவன் அவுட். மூன்றில் ஆள். இடது களம்?" நான் பந்து வருமுன் பதில் சொல்ல வேண்டும்: "வீட்டுக்கு!" மட்டை பிடிப்பவன் நிற்கும் இடத்துக்கு வீட்டுத்தளம் என்று பெயர். அங்கிருந்து புறப்பட்டு மூன்று தளங்களைச் சுற்றி மறுபடி வீட்டுக்கு வந்து சேர்ந்தால் ஒரு ஓட்டம். அதனால் மூன்றாவது தளத்தில் நிற்கிறவன்தான் ஆபத்தானவன். அவனுக்கு வீடு ஒரு எட்டுத் தூரம். பதில் சொல்லப் பிந்தினால் ஹேர் டீற்ஸ் பந்தை அடிக்கவே விடமாட்டார். ஒரு துண்டு அப்பிள் சீவி வாயில் போட்டுவிட்டு மறுபடி முதலிலிருந்து அறிவிப்பார். ஒரு சனிக்கிழமை எனக்காக மூன்று அப்பிள் முடிந்தது.

ஒவ்வொரு பந்துக்கும் முன் ஒரு சிட்டிகை புல் கிள்ளி விழவிட்டுக் காற்றைப் பார்க்க வேண்டும். நடுக்களத்து ஆளுக்கு எத்தனை பேர் அவுட் என்று விரலால் காட்ட வேண்டும். பந்து மட்டையில் பட்டதும் முதல் எட்டு பின்னால்தான். முன்னால் ஓடுவது சுலபம், பின்னால் ஓடிப் பந்தைத் தேடுவது ஏலாத காரியம். எறிகிற கைப்பக்கத்தில் பிடிக்க வேண்டும், பிடிக்கும்போதே கால் எறிவதற்குத் தயாராக இருக்க வேண்டும். இவ்வளவையும் நான் ஒரு வருடத்தில் படித்தேன். ஜேர்மன் மொழியையும் இந்த ஒழுங்கில்தான் படித்தேன். அதனால் வெளிநாட்டவர் அலுவலகத்தில் என்ன கேட்டாலும் நான் உடனே, சத்தமாக, ஒரு சொல்லில் பதில் சொல்லிக்கொண்டிருந்தேன்.

அந்த அலுவலகத்துக்கு நான் போனது வதனிக்காக. பதிவுத் திருமணம் முடிந்த பதினோராவது நாள் நான் விமானம் ஏறினேன். அவள் கொழும்பில், வெள்ளவத்தையில் தாய்மாமன் வீட்டில் ஒரு அறையில் காத்திருந்தாள். அவளைக் கூப்பிட அன்ராக், அதாவது விண்ணப்பம், போடுவதற்கு முழுநேர வேலை ஒப்பந்தமும் வீடும் வேண்டும் என்றார்கள். என்னிடம் இருந்தது உணவகமொன்றில் பாத்திரம் கழுவும் அரைநாள் வேலை. அந்த நேரத்தில்தான் கழகத்தின் தலைவர் ஒரு விஷயம் சொன்னார்: நாங்கள் மேல் பிரிவுக்கு ஏறினால் நகரசபை மைதானத்தைத் திருத்தித் தரும், கழகம் முழுநேரமாக ஒரு பிளாட்ஸ்வார்ட்டை வைக்கும், அந்த இடம் எனக்கு. கழகக் கட்டடத்தின் மேல்மாடியில் ஒரு சின்ன வீடும் உண்டு. ஏறாவிட்டால் ஒன்றும் இல்லை. ஆக, வதனி வருவதும் வராததும் எட்டு ஜேர்மன்காரரின் மட்டையிலும் என் கையுறையிலும் இருந்தது.

இரண்டாவது வருடம் கடைசி ஆட்டத்தில் வென்றால் ஏறலாம் என்ற நிலைக்கு வந்தோம். எதிரணியின் மைதானம். கடைசி இன்னிங்ஸ், இரு பக்கமும் சம ஓட்டம், எங்கள் முறை முடிந்து அவர்கள் அடிக்கிறார்கள், இன்னும் ஒரு ஓட்டம் எடுத்தால் வெற்றி அவர்களுக்கு. ஒருவன் அவுட். மூன்றாவது தளத்தில் ஆள். பந்து உயர எழும்பி என் பக்கம் வந்தது, இடப்பக்கக் கோட்டுக்கு வெளியே, வேலியோரமாக. நான் ஓடினேன். அப்படி நான் அதற்கு முன்னும் ஓடியதில்லை, பின்னும் ஓடியதில்லை. கடைசி நொடியில் பாய்ந்து கையுறையின் நுனியில் பிடித்து, உருண்டு, எழும்பி, பந்தை வானத்துக்கு எறிந்து, இரண்டு கையையும் விரித்துக்கொண்டு கத்தினேன்.

கிரிக்கெட் தெரிந்த எந்தத் தமிழனும் அதைத்தான் செய்திருப்பான். பிடித்தால் அவுட், அதோடு அந்தப் பந்து செத்தது, ஒருவரும் ஓட ஏலாது. பேஸ்போலில் பந்து சாகாது. பிடித்த கணத்திலிருந்து மூன்றாவது தளத்தில் நிற்கிறவன் வீட்டுக்கு ஓடலாம். கோட்டுக்கு வெளியே விழுகிற பந்து செல்லாது, நான் அதைச் சும்மா விழவிட்டிருந்தால் ஒன்றுமே நடந்திராது. அவன் நின்ற இடத்திலேயே நின்றிருப்பான். நான் பிடித்தேன். பிடித்துவிட்டு வானத்துக்கும் எறிந்தேன். என் பந்து மேலே போய்க் கீழே வருவதற்குள் அவன் நடந்தே வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தான். எதிரணி முழுக்க ஒருவரையொருவர் தூக்கிக்கொண்டு துள்ளியது. எங்கள் ஆட்கள் அசையவில்லை. எங்கள் விடுதியிலிருந்து வந்திருந்த குகன் அண்ணை மட்டும் எழும்பி நின்று எனக்காகக் கைதட்டிக்கொண்டிருந்தார். நாங்கள் தோற்றதை அவருக்குப் பஸ்சில்தான் சொன்னார்கள்.

ஹேர் டீற்ஸ் கதிரையை மடக்கினார். "அடுத்தது" என்றார். அவர் திட்டியிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

அடுத்த நாள் தொலைபேசிக் கூண்டிலிருந்து வதனிக்குச் சொன்னேன்.

"தோத்துப்போனம். என்னாலைதான்."

"பந்தை விட்டிட்டீங்களோ?"

"இல்லை. பிடிச்சனான்."

"பிடிச்சா ஏன் தோக்கிறது?"

"பிடிச்சிருக்கக் கூடாது."

"இஞ்சை பாருங்கோ, உங்களுக்குச் சுகமில்லையோ?" என்றாள். பிறகு விளங்கப்படுத்தினேன். விளங்கியதும் அவள் அழுதாள், நானும் அழுதேன். மணிக்கூடு ஓடிக்கொண்டிருந்ததால் இரண்டு பேரும் சுருக்கமாகத்தான் அழுதோம்.

"சரி," என்றாள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு. "அப்ப விடப் பழகுங்கோ. நான் இருப்பன்."

அந்தக் குளிர்காலம் முடிந்ததும் ஹேர் டீற்ஸ் எனக்கென்று தனியாக ஒரு பயிற்சி வைத்தார். கோட்டுக்கு வெளியே உயரப் பந்து அடிப்பிப்பார். நான் அதற்கு அடியில் போய் நின்று, கையைத் தூக்காமல், அது என் காலடியில் விழுவதைப் பார்க்க வேண்டும். பத்து வயதிலிருந்து பந்தைக் கண்டால் கை தானாக எழும்புகிற ஒருவனுக்கு இதைவிடப் பெரிய தண்டனை இல்லை. ஒருமுறை கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். "கை கட்டினவன் எறிய மாட்டான்" என்றார். ஒருமுறை கண்ணை மூடினேன். அதற்கு அவர் ஒரு முழு அப்பிளைத் தின்றார். கோடை வருவதற்குள் ஒருவாறு பழகினேன், அல்லது பழகிவிட்டதாக நினைத்தேன்.

மூன்றாவது வருடமும் கடைசி ஆட்டம்வரை போனோம். இந்தமுறை எங்கள் மைதானம். ஞாயிறு காலை மழை பெய்து விட்டிருந்தது. குகன் அண்ணை ஊன்ட்றொப் கோயிலில் என் பெயருக்கு அருச்சனை செய்வித்து, பிரசாதத்தோடு முப்பது தமிழரையும் கூட்டிக்கொண்டு வந்திருந்தார். அவர்களில் ஒருவருக்கும் ஆட்டம் தெரியாது, எல்லாருக்கும் குரல் இருந்தது.

கடைசி இன்னிங்ஸ், சம ஓட்டம். எதிரணி முதலில் அடித்தது. ஒருவன் அவுட். மூன்றாவது தளத்தில் ஆள். புல்லைக் கிள்ளி விழவிட்டேன். ஈரப் புல், நேராக விழுந்தது. "விழவிடு, விழவிடு" என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பந்து எழும்பியது. இடப்பக்கக் கோட்டுக்கு வெளியே.

உண்மையை எழுதுகிறேன். பந்தைக் கண்டதும் எனக்கு எல்லாம் மறந்துபோனது. ஹேர் டீற்ஸ், அப்பிள், வதனி, அன்ராக், ஒன்றும் மனதில் இல்லை. ஓடினேன். கையுறையை நீட்டினேன். பிடிக்கத்தான் நீட்டினேன். வேலியோரம் தண்ணீர் தேங்கிய இடத்தில் இடது கால் வழுக்கி முழங்காலில் விழுந்தேன். பந்து இரண்டு முழம் தள்ளி விழுந்தது.

"ஐயோ தம்பி, லட்டு மாதிரிக் கட்சடா!" என்று குகன் அண்ணை தலையில் அடித்துக்கொண்டார். முப்பது தமிழரும் சேர்ந்து அங்கலாய்த்தார்கள். ஆனால் எங்கள் அணி ஆரவாரித்தது. ஹேர் டீற்ஸ் கதிரையிலிருந்து எழும்பி நின்று கைதட்டினார். அந்த மூன்று வருடத்தில் அவர் கைதட்டி நான் கண்டது அன்றுதான். அந்த மட்டைக்காரனையும் அடுத்தவனையும் எங்கள் எறிவீரன் வெளியேற்றினான். எங்கள் முறை வந்தபோது நடுக்களத்து ஆள் ஒரு அடி அடித்தான், நாங்கள் வென்றோம்.

மாலையில் கழகத் தலைவர் எல்லாருக்கும் வாட்டிய சொசேஜ் கொடுத்து என்னைப் பக்கத்தில் நிறுத்திப் பேசினார். போன வருடம் பிடித்துத் தோற்கடித்தவன் இந்த வருடம் விட்டு வெல்லவைத்தான், இப்படிப்பட்ட நிதானமான ஆளின் கையில்தான் எங்கள் மைதானத்தைக் கொடுக்கப்போகிறோம், வெள்ளிக்கிழமை கையெழுத்து என்றார். நான் சொசேஜைக் கடிக்காமல் கீழே வைத்தேன். நிதானமாவது மண்ணாவது! வழுக்கி விழுந்தவனுக்கு மாலை போடுகிறார்கள்.

திங்கட்கிழமை வதனிக்கு எல்லாவற்றையும் சொன்னேன். அவள் முதலில் சிரித்தாள். பிறகு, "அந்த அப்பிள் தின்னுற மனிசனிட்டை இதைச் சொன்னனீங்களோ?" என்றாள்.

"சொன்னா வேலை போனாலும் போகும். நீர் வாறது இன்னும் பிந்தும்."

"சொல்லாட்டி நீங்கள் உதையே நினைச்சு நினைச்சு நித்திரை கொள்ளமாட்டீங்கள். பக்கத்திலை படுக்கிறது நானெல்லோ? எனக்கென்னத்துக்கு அந்தக் கரைச்சல்? போய்ச் சொல்லுங்கோ. வேலை போனா இன்னுமொரு வருசம் இருப்பன்."

இன்னுமொரு வருசம் இருப்பன் என்று அவள் சொன்ன விதம் எனக்கு இன்றும் மறக்கவில்லை. அவள் அதைச் சும்மா சொல்லவில்லை. அந்த அறையின் யன்னல் ரயில் பாதைப் பக்கம், இரவில் ஒழுங்கான நித்திரை கிடையாது என்று எனக்குத் தெரியும்.

புதன்கிழமை ஹேர் டீற்ஸின் ட்ராமில் ஏறினேன். ஓட்டுநரோடு பேசக்கூடாது என்று எழுதியிருந்தது. அவர் எழுத்தில் உள்ளதை மீறுகிற ஆள் இல்லை. ஆகவே கடைசித் தரிப்பிடம்வரை அவருக்குப் பின்னால் நின்றுகொண்டே போனேன். அங்கே அவருக்கு ஏழு நிமிட ஓய்வு. எல்லாரும் இறங்கியதும் அவர் தேநீர்ப் போத்தலைத் திறந்தார்.

"ஹேர் டீற்ஸ், நான் அந்தப் பந்தை விடவில்லை. பிடிக்கத்தான் போனேன். வழுக்கி விழுந்தேன்."

"தெரியும்," என்றார். "நான் கோட்டுக்கு நேரே இருந்தவன். ஒருவன் விடுகிறானா விழுகிறானா என்று எனக்குத் தெரியாதா?"

"பிறகு ஏன் கைதட்டினீர்கள்?"

அவர் தேநீரை ஊதினார். ஏழு நிமிடத்தில் ஒன்று அதிலேயே போனது.

"விழுந்து எழும்பினாய். எழும்பினதும் நீ முதலில் பார்த்தது எதை?"

எனக்கு நினைவில்லை என்றேன்.

"மூன்றாவது தளத்தை. பந்தை எடுத்து, கால் வைத்து, வீட்டுக்கு எறிந்தாய். நேராக, நெஞ்சளவு உயரத்தில். கோட்டுக்கு வெளியே விழுந்த பந்து, ஆட்டம் ஏற்கெனவே நின்றுவிட்டது, நடுவர் கையைத் தூக்கிக்கொண்டு நிற்கிறார். எறியத் தேவையே இல்லை. ஆனாலும் எறிந்தாய். போன வருடம் வானத்துக்கு எறிந்தவன். நான் அதற்குத்தான் கைதட்டினேன்."

நான் எறிந்தது எனக்கே தெரியாது. அவர் சொன்ன பிறகுதான் தோளில் அந்த எறியின் நினைவு வந்தது. ட்ராமின் படியில் உட்கார்ந்துவிட்டேன். கண்ணீர் வந்தது, வெட்கப்படாமல் வந்தது.

"தலைவருக்கு நானே சொல்கிறேன்," என்றார். "கையெழுத்துப் போட்டதும் உன் முதல் வேலை அந்த வேலியோரத்துக்கு வடிகால் வெட்டுவது. அங்கே இன்னொருவன் வழுக்கினால் எப்போதும் இப்படி நல்லபடியாக முடியாது." மணிக்கூட்டைப் பார்த்தார். "அடுத்தது," என்று கதவை மூடினார். நான் திரும்பும் பயணத்திலும் அவருக்குப் பின்னால் நின்றுகொண்டே வந்தேன்.

தலைவர் வயிறு குலுங்கச் சிரித்துவிட்டு வெள்ளிக்கிழமை பேனாவைத் தந்தார். வடிகாலை நானே வெட்டினேன். பனி விழுமுன் அன்ராக் போனது. மறு வசந்தத்தில் வதனி ஒரு பெட்டியோடும் ஒரு போத்தல் மாங்காய் ஊறுகாயோடும் வந்து இறங்கினாள்.

மேல் பிரிவில் எங்கள் முதல் ஆட்டத்துக்கு அவளைக் கூட்டிப்போனேன். புதிதாகக் கட்டிய பார்வையாளர் மேடையின் முன்வரிசையில், என்னுடைய தடித்த குளிர்ச்சட்டைக்குள் பாதி மறைந்து உட்கார்ந்திருந்தாள். மூன்றாவது இன்னிங்ஸில் என் பக்கம் ஒரு நல்ல பந்து வந்தது, கோட்டுக்கு உள்ளே. பின்னால் ஓடிப் பிடித்து, மூன்றாவது தளத்தைப் பார்த்து, வீட்டுக்கு எறிந்தேன். புறப்பட்டவன் பாதியில் மாட்டிக்கொண்டான். ஹேர் டீற்ஸ் "அடுத்தது" என்றார். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

வீட்டுக்கு வந்து சாப்பிடும்போது வதனியின் முகம் சரியில்லை.

"ஏன், ஆட்டம் பிடிக்கேல்லையோ?"

"ஆட்டமெல்லாம் நல்லாத்தான் இருந்தது. அப்பிடிப் பிடிச்சிட்டு ஒருக்காவாவது என்ரை பக்கம் பாத்தனீங்களோ?"

"மூண்டாவது தளத்திலை ஆள் நிண்டவன், வதனி."

"ஓம்," என்றாள், சோற்றைப் பிசைந்தபடி. "நானும்தான் மூண்டு வருசமா நிண்டனான்."

இந்தக் கேள்வியை ஹேர் டீற்ஸ் கேட்டிருந்தால் இரண்டு அப்பிள் போயிருக்கும். அடுத்த ஞாயிற்றுக்கிழமையிலிருந்து என் வரிசையில் ஒன்றைக் கூட்டினேன்: பிடி, மூன்றாவது தளத்தைப் பார், எறி, பிறகு மேடையின் முன்வரிசையைப் பார். கையுறையைக் கழற்றி வைத்த நாள்வரை அந்த வரிசையை நான் ஒரு பந்துக்கும் மாற்றவில்லை.